கடலுக்குப் போகிறவர் கால் முறிந்தால்: ராமநாதபுரம் கடற்கரையில் விபத்து இழப்பீட்டு வழக்கு நடத்துவது எப்படி

விபத்து வழக்கின் முதல் சாட்சி, அடிபட்டவரைத் தூக்கிக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் போனவர் சொல்லும் ஒரே ஒரு வரிதான். அவசர சிகிச்சைப் பிரிவில் டூட்டி டாக்டர் விபத்துப் பதிவேட்டை எடுத்து, "எப்படி அடிபட்டது?" என்று கேட்பார். கூட வந்த மச்சான் பதற்றத்தில், "வண்டியில வந்துட்டு இருந்தாரு சார், விழுந்துட்டாரு" என்பார். டாக்டர் அப்படியே எழுதிக்கொள்வார்: இருசக்கர வாகனத்தில் இருந்து தவறி விழுந்ததாகக் கூறப்படுகிறது. உச்சிப்புளி பக்கம் பின்னால் வந்து இடித்த கார் அந்த வரியில் இல்லை. மறுநாள் போலீஸில் கொடுக்கும் புகாரில் கார் வரும். வழக்கு விசாரணைக்கு வரும்போது இன்சூரன்ஸ் கம்பெனி வக்கீல் இரண்டு தாளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, "காரைப் பிறகு சேர்த்திருக்கிறார்கள்" என்று வாதாடுவார். நியாயமான வழக்குகள் இந்த ஒரு வரியில் தோற்றிருக்கின்றன.

அதனால் ஆஸ்பத்திரியில் நான்கு விஷயங்களைச் சொல்லுங்கள். எந்த இடம், எத்தனை மணி, எந்த வாகனம், அது எந்தப் பக்கமிருந்து வந்து மோதியது. எண் தெரிந்தால் எண்ணைச் சொல்லுங்கள். தெரியாவிட்டால், "வெள்ளைக் கார் மோதியது, எண் பார்க்கவில்லை" என்று உண்மையைச் சொல்லுங்கள். தெரியாத எண்ணை ஊகித்துச் சொல்லக் கூடாது. ராமநாதபுரம் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில் முதலுதவி செய்து மதுரைக்கு அனுப்பினால், அங்கும் இதே கேள்வி வரும். இரண்டு இடத்திலும் பதில் ஒன்றாக இருக்க வேண்டும். ஏற்கெனவே தவறாக எழுதிவிட்டார்கள் என்றால் பதிவேட்டைத் திருத்தச் சொல்லிச் சண்டை போடாதீர்கள். அடித்தல் திருத்தல் இன்னும் பெரிய சந்தேகத்தைக் கிளப்பும். அடிபட்டவருக்கு நினைவு தெளிந்ததும் அவரே வார்டு டாக்டரிடம் நடந்ததைச் சொல்லி கேஸ் ஷீட்டில் எழுதச் சொல்லட்டும். வாக்குமூலம் வாங்க வரும் போலீஸாரிடமும் அதையே சொல்லட்டும்.

பணத்துக்குப் பயந்து சிகிச்சையைத் தள்ளிப்போட வேண்டாம். 2021 டிசம்பரில் தமிழக அரசு தொடங்கிய இன்னுயிர் காப்போம் திட்டத்தில், சேர்க்கப்பட்ட மருத்துவமனைகளில் முதல் 48 மணி நேரச் சிகிச்சைக்குக் காசு கட்ட வேண்டியதில்லை. 2025 மே மாதம் வந்த மத்திய அரசுத் திட்டத்தில் விபத்து நாளிலிருந்து 7 நாள் வரை, ரூ.1.5 லட்சம் வரை கட்டணமில்லாச் சிகிச்சை உண்டு.

போலீஸ் நிலையத்தில்

எஃப்.ஐ.ஆர். எந்த நிலையத்து எல்லையில் விபத்தோ அங்கே பதிவாகும். மதுரையில் படுத்திருந்தாலும் புகார் கொடுக்கலாம். எல்லையைக் காரணம் காட்டி வாங்க மறுக்கக் கூடாது. இரண்டு மூன்று நாள் தாமதமானால் வழக்கு செத்துவிடாது. "ஆபரேஷன் முடியும்வரை கூட இருந்தேன்" என்று தாமதத்தின் காரணத்தைப் புகாரிலேயே எழுதிவிடுங்கள். புகார்தாரருக்கு எஃப்.ஐ.ஆர். நகல் இலவசம்.

இந்தக் கரையில் அடிக்கடி நடக்கும் தவறு, நிலையத்திலேயே சமாதானம் பேசுவது. ராமேஸ்வரத்துக்கும் ஏர்வாடிக்கும் தேவிபட்டினத்துக்கும் வரும் வெளியூர், வெளிமாநில வண்டிக்காரர்கள் சீக்கிரம் கிளம்பப் பார்ப்பார்கள். கையில் கொஞ்சம் பணத்தைக் கொடுத்து, "மேற்கொண்டு எந்தக் கோரிக்கையும் இல்லை" என்று எழுதி வாங்குவார்கள். உள்ளே எலும்பு முறிந்திருப்பது மறுநாள் எக்ஸ்-ரேயில்தான் தெரியும். டிரைவர் மேல் இரக்கப்பட்டு கிரிமினல் வழக்கில் விட்டுக்கொடுப்பது உங்கள் மனம். இழப்பீட்டு வழக்கு வேறு. அதில் பணம் தரப்போவது பெரும்பாலும் டிரைவர் அல்ல, இன்சூரன்ஸ் கம்பெனி. அந்த ஒரு வாக்கியத்தில் மட்டும் கையெழுத்துப் போடாதீர்கள்.

வண்டி வெளிமாநிலத்தது என்பதால் நீங்கள் அங்கே போய் வழக்குப் போட வேண்டியதில்லை. விபத்து நடந்த இடம், நீங்கள் குடியிருக்கும் அல்லது தொழில் செய்யும் இடம், எதிர்தரப்பினர் இருக்கும் இடம், இவற்றில் எந்த எல்லைக்குள் இருக்கும் மோட்டார் விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயத்திலும் போடலாம். வண்டி எண் இருந்தால் எம்-பரிவாகன் செயலியில் இன்சூரன்ஸ் நடப்பில் இருக்கிறதா என்று உடனே பாருங்கள். இன்சூரன்ஸ் இல்லை என்று தெரிந்தால் அன்றைக்கே வக்கீலைப் பாருங்கள். இன்சூரன்ஸ் இல்லாத வண்டியை உரிமையாளர் ஈடு கட்டாமல் விடுவிக்கக் கூடாது என்று விதி இருக்கிறது. நீதிமன்றத்தில் ஆட்சேபம் சொல்ல வேண்டிய நேரம், வண்டி நிலைய வாசலில் நிற்கும்போதுதான். அது போய்விட்டால் பிடிக்க ஏதும் இருக்காது.

2022 ஏப்ரல் 1 முதல் போலீஸாருக்கும் கெடு வைத்திருக்கிறார்கள். முதல் விபத்து அறிக்கை 48 மணி நேரத்துக்குள், இடைக்கால அறிக்கை 50 நாளுக்குள், விரிவான அறிக்கை 90 நாளுக்குள் தீர்ப்பாயத்துக்குப் போக வேண்டும். அந்த அறிக்கையையே இழப்பீட்டு மனுவாக எடுத்துக்கொள்ளச் சட்டம் இடம் தருகிறது. ஆனாலும் போலீஸ் அனுப்பிவிடும் என்று நம்பி உட்கார்ந்திருக்காதீர்கள். மோட்டார் வாகனச் சட்டப் பிரிவு 166(3) விபத்து நடந்து 6 மாதத்துக்குள் மனு போடச் சொல்கிறது. இந்தக் கெடுவை எதிர்த்து உச்ச நீதிமன்றம் வரை வழக்கு போயிருக்கிறது என்றாலும், உங்கள் வழக்கை அந்தச் சண்டைக்குப் பலி கொடுக்க வேண்டாம். பிளேட் வைத்த கால் கூடுவதற்கே 4 மாதம் ஆகும், "நடக்க ஆரம்பித்ததும் பார்ப்போம்" என்பவர்கள்தான் கெடுவைத் தவற விடுகிறார்கள். சிகிச்சை முடியாமலே மனு போடலாம். கேட்கும் தொகையைப் பிறகு திருத்திக்கொள்ளலாம்.

எந்த வழி உங்களுக்கு?

மூன்று வழி இருக்கிறது. இடித்த வண்டி எதுவென்றே கண்டுபிடிக்க முடியாவிட்டால், மரணத்துக்கு ரூ.2 லட்சம், கொடுங்காயத்துக்கு ரூ.50,000. இதற்கு நீதிமன்றம் போக வேண்டாம். கோட்டாட்சியர் அல்லது வட்டாட்சியர் விசாரித்து, ஆட்சியர் வழியாகப் பணம் வங்கிக் கணக்குக்கு வரும். எலும்பு முறிந்திருந்தாலே சட்டப்படி கொடுங்காயம்தான்.

இரண்டாவது, பிரிவு 164. யார் மேல் தவறு என்று நிரூபிக்க வேண்டாம், மரணத்துக்கு ரூ.5 லட்சம், கொடுங்காயத்துக்கு ரூ.2.5 லட்சம், நிர்ணயித்த தொகை. மூன்றாவது, பிரிவு 166. எதிர்வண்டியின் தவறை நிரூபித்து, முழு இழப்பையும் கணக்குப் போட்டுக் கேட்பது. இங்கே ஒரு பொறி இருக்கிறது. 164-ன் தொகையை வாங்கிக்கொண்டால், 166-ல் போட்ட மனு தானாகக் காலாவதியாகிவிடும். ரூ.2.5 லட்சம் உடனே வருகிறதே என்று கையெழுத்துப் போட்டுவிட்டு, பத்து லட்சத்துக்கு மேல் பெற வேண்டிய வழக்கை இழக்க நேரிடும். கீழே வரும் கணக்கைப் பார்த்துவிட்டு முடிவு செய்யுங்கள்.

மணல் படிந்த வளைவில் தானே சறுக்கி விழுந்தவர், குறுக்கே மாடு வந்து விழுந்தவர், இவர்களுக்கு 166-ல் கேட்க எதிராளி இல்லை. ஆனால் சொந்த வண்டி இன்சூரன்ஸில் உரிமையாளர்-ஓட்டுநருக்கான ரூ.15 லட்சம் தனிநபர் விபத்துக் காப்பீடு இருக்கிறதா என்று பாலிசியைத் திருப்பிப் பாருங்கள். மரணத்துக்கு முழுத் தொகை; ஒரு கையோ காலோ கண்ணோ போனால் பாதி. இதை நேரடியாகக் கம்பெனியிடமே கேட்க வேண்டும். ஓட்டியவர் பெயரில் வண்டி இருக்க வேண்டும், செல்லும் லைசென்ஸ் இருக்க வேண்டும். மகன் ஓட்டும் வண்டி அப்பா பெயரில் இருந்தால் அந்தக் காப்பீடு மகனுக்குக் கிடைப்பது கஷ்டம்.

குட்டியானையில் போன மீன்காரப் பெண்கள்

இதைத் தனியாகச் சொல்ல வேண்டியிருக்கிறது. பாம்பன், தங்கச்சிமடம், தொண்டி, மூக்கையூர் என்று எங்கே பார்த்தாலும் விடியற்காலையில் மீன்கூடையோடு பெண்கள் லோடு வண்டியில் ஏறிப் போகிறார்கள். சரக்கு வண்டியில் சும்மா ஏறிப் போகும் பயணிக்கு இன்சூரன்ஸ் கம்பெனி பொறுப்பில்லை என்று 2003-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. துக்க வீட்டுக்கும் காதுகுத்துக்கும் லோடு வண்டியில் போனவர்களுக்கு இந்தத் தீர்ப்புதான் குறுக்கே நிற்கிறது. ஆனால் சரக்கின் உரிமையாளர் தன் சரக்கோடு போனால் சட்டம் பாதுகாப்புத் தருகிறது. தன் மீனோடு போன பெண் இந்த வகையில் வருகிறார். முதல் வாக்குமூலத்திலேயே, "என் மீன் கூடை இரண்டை ஏற்றிக்கொண்டு சந்தைக்குப் போனேன், கூடைக்கு இவ்வளவு வாடகை கொடுத்தேன்" என்று வர வேண்டும். "வண்டியில் வந்தேன்" என்று மட்டும் எழுதினால் சும்மா போன பயணி ஆகிவிடுவார். ஏலம் எடுத்த சீட்டு, கூடவே வந்தவர்களின் சாட்சி, சாலையில் சிதறிக் கிடந்த கூடைகளின் போட்டோ எல்லாம் இதற்குத்தான். மீன் இல்லாமல் போனவரை மீன் கொண்டு போனதாக எழுதாதீர்கள். குறுக்கு விசாரணையில் அது உடைந்தால், உண்மையான கோரிக்கையும் கூடவே போய்விடும்.

ஓட்டுநருக்குச் சரியான லைசென்ஸ் இல்லை என்று கம்பெனி கை விரித்தாலும் கலங்க வேண்டாம். அடிபட்ட மூன்றாம் நபருக்கு முதலில் கம்பெனி கொடுத்துவிட்டு, பிறகு வண்டி உரிமையாளரிடம் வசூலித்துக்கொள்ளட்டும் என்று தீர்ப்பாயங்கள் உத்தரவிடுவது வழக்கம். 7,500 கிலோவுக்கு உட்பட்ட சரக்கு வண்டியை இலகுரக வாகன லைசென்ஸோடு ஓட்டலாம் என்று 2024 நவம்பரில் உச்ச நீதிமன்ற அரசியல் சாசன அமர்வும் உறுதி செய்திருக்கிறது.

வருமானத்தை நிரூபிப்பது

வழக்கில் மிகப் பெரிய பணம் இங்கேதான் இருக்கிறது. மிக அதிகமாகக் கோட்டை விடுவதும் இங்கேதான். கடலுக்குப் போகிறவருக்குச் சம்பளச் சீட்டு கிடையாது. பாடு (மீன்) வந்தால் பங்கு, வராவிட்டால் இல்லை. ஆதாரம் இல்லாவிட்டால் தீர்ப்பாயம் தானாக ஒரு ஊகத் தொகையை மாத வருமானமாக வைக்கும். அது பெரும்பாலும் உண்மையை விடக் குறைவு.

அதனால் இவற்றைத் தேடி எடுங்கள்: மீனவர் அடையாள அட்டை, கூட்டுறவுச் சங்க உறுப்பினர் புத்தகம், நலவாரிய அட்டை, தடைக்கால நிவாரணம் வரவான பாஸ்புக் பக்கம். இவை தொழிலை நிரூபிக்கும். தொகையை நிரூபிக்க சம்மாட்டியின், அதாவது படகு உரிமையாளரின், பங்குக் கணக்கு நோட்டு வேண்டும். அந்தப் படகு கடலுக்குப் போன நாட்களுக்கு மீன்வளத் துறை டோக்கன் பதிவு இருக்கும். நோட்டும் டோக்கனும் ஒத்துப் போனால் அதை அசைப்பது கடினம். சம்மாட்டி வெறுமனே எழுதித் தரும் "மாதம் ரூ.30,000 வாங்கினார்" என்ற கடிதத்துக்கு மதிப்பு குறைவு; அவர் கூண்டில் ஏறி நோட்டைக் காட்டிச் சொன்னால்தான் பலம். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரையான 61 நாள் தடைக்காலத்தையும், விசைப்படகு வாரம் முழுக்கப் போவதில்லை என்பதையும் கம்பெனி வக்கீல் கேட்பார். தடைக்காலத்தில் வலை பின்னுவது, கேரளாவுக்கு வேலைக்குப் போவது என்று வேறு வருமானம் இருந்தால் அதையும் நீங்களே முதலில் சொல்லிவிடுங்கள்.

கீழக்கரைப் பக்கம் வளைகுடாவில் வேலை பார்த்து விடுமுறையில் வந்து அடிபட்டவர்கள், வேலை ஒப்பந்தம், சம்பளம் ஏறிய வங்கிக் கணக்கு, விசா பக்கம், வேலை போனதற்கான கடிதம் ஆகியவற்றை முதலாளியிடமிருந்து உடனே வாங்கிவிட வேண்டும். ஒரு வருடம் கழித்துக் கேட்டால் பதில் வராது. வீட்டு வேலை மட்டும் பார்க்கும் பெண்ணுக்கும் அந்த உழைப்புக்கு வருமானம் கணக்கிட வேண்டும் என்பது 2021-ல் உச்ச நீதிமன்றம் அழுத்திச் சொன்னது. "வருமானம் இல்லை" என்று மனுவில் எழுத விடாதீர்கள்.

கணக்கு

வயது 34, மாதம் ரூ.15,000 என்று நிரூபணமான ஒரு விசைப்படகுத் தொழிலாளியை எடுத்துக்கொள்வோம். முழங்கால் மடங்கவில்லை. நிரந்தர வேலை இல்லாதவர், 40 வயதுக்கு உட்பட்டவர் என்பதால் எதிர்கால உயர்வுக்காக 40 சதவீதம் கூட்ட வேண்டும்: ரூ.21,000. இது உச்ச நீதிமன்றம் 2017-ல் பிரணய் சேத்தி வழக்கில் வகுத்த விகிதம். 40 முதல் 50 வயது வரை 25, 50 முதல் 60 வரை 10 சதவீதம். ஆண்டுக்கு ரூ.2,52,000. 31 முதல் 35 வயது வரையானவர்களுக்குப் பெருக்குத் தொகை 16. இது 2009-ன் சர்லா வர்மா தீர்ப்பின் அட்டவணை. பெருக்கினால் ரூ.40,32,000. இதை உழைக்கும் திறனில் போன பங்கால் பெருக்க வேண்டும். 30 சதவீதம் என்றால் ரூ.12,09,600. 60 என்றால் ரூ.24,19,200.

ஆகவே சண்டை முழுவதும் அந்தச் சதவீதத்தில்தான். மருத்துவக் குழு "வலது காலில் 40 சதவீத ஊனம்" என்று சான்று தரும். அது காலுக்கான அளவு. உடல் முழுவதற்கும் குறைவாகத்தான் வரும். ஆனால் தீர்ப்பாயம் பார்க்க வேண்டியது மூன்றாவது அளவை: இந்த மனிதரின் தொழிலுக்கு எவ்வளவு போனது? 2010-ல் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகப் பிரித்துச் சொல்லியிருக்கிறது. முழங்கால் மடங்காத ஒருவர் கடையில் உட்கார்ந்து கணக்கு எழுதலாம். ஆடுகிற படகில் காலை ஊன்றி மடி (வலை) இழுக்க முடியாது. கடற்பாசி எடுக்கும் பெண்ணுக்குத் தோள் மேலே எழும்பாவிட்டால் முக்குளிக்க முடியாது. மூன்று விரல் மடங்காவிட்டால் பாறையிலிருந்து பாசியைப் பறிக்க முடியாது. இதை மனுதாரரும் சொல்ல வேண்டும், டாக்டரும் சொல்ல வேண்டும். டாக்டர் சாட்சி சொல்ல வரும்போது, "இந்த ஊனத்தோடு அசையும் தளத்தில் நின்று பாரம் இழுக்க முடியுமா?" என்ற கேள்வியைக் கேட்குமாறு உங்கள் வக்கீலிடம் முன்பே சொல்லிவையுங்கள். இந்தச் சாட்சியம் இல்லாவிட்டால், ஒரு சதவீத ஊனத்துக்குச் சில ஆயிரம் ரூபாய் என்று பெருக்கி முடித்துவிடுவார்கள். லட்சங்கள் அங்கே கரைந்துவிடும்.

இதோடு மருத்துவச் செலவு, படுத்திருந்த மாதங்களின் வருமானம், கூட இருந்தவருக்கான செலவு, சத்துணவு, மதுரைக்குப் போய்வந்த வண்டி வாடகை, வலி வேதனை, பின்னால் பிளேட் எடுக்கும் ஆபரேஷன் செலவு எல்லாம் தனித்தனித் தலைப்பில் வரும். ஒன்றையும் விடாதீர்கள். பில் அசலாக இருக்க வேண்டும், மருந்துச் சீட்டோடு பொருந்த வேண்டும். அச்சு மங்கும் மெல்லிய தாள் பில்களை அன்றன்றே நகல் எடுங்கள். எக்ஸ்-ரே படங்களை உப்புக்காற்றில் சுவரில் மாட்டி வைத்தால் ஒன்றோடொன்று ஒட்டிப் பாழாகிவிடும். நடுவே தாள் வைத்து, பிளாஸ்டிக் உறையில் போட்டு, தட்டையாக வையுங்கள்.

தீர்ப்பாயத்தில்

மனு எம்.சி.ஓ.பி. (மோட்டார் விபத்து இழப்பீட்டு மனு) என்ற எண்ணில் பதிவாகும். வண்டி உரிமையாளர், ஓட்டுநர், இன்சூரன்ஸ் கம்பெனி எதிர்மனுதாரர்கள். அரசுப் பேருந்து என்றால் போக்குவரத்துக் கழகமே கட்ட வேண்டும். பெரும்பாலும் கம்பெனி மட்டுமே எதிர்த்து நடத்தும். நீங்கள் பிரமாண வாக்குமூலம் தாக்கல் செய்து கூண்டில் ஏறுவீர்கள். குறுக்கு விசாரணை வரும். கிரிமினல் வழக்கு அளவுக்கு ஐயமற்ற நிரூபணம் இங்கே தேவையில்லை. எது அதிகம் நம்பத்தக்கது என்றுதான் பார்ப்பார்கள். ஹெல்மெட் போடவில்லை, மூன்று பேர் போனார்கள் என்று உங்கள் மேலும் பங்குத் தவறு சுமத்தப் பார்ப்பார்கள். மூன்று பேர் போனது மட்டுமே தவறாகிவிடாது, அதுதான் விபத்துக்கோ காயத்துக்கோ காரணம் என்று கம்பெனி காட்ட வேண்டும் என்பது 2020 உச்ச நீதிமன்றத் தீர்ப்பு. கேட்டால் மறைக்காமல் ஒப்புக்கொள்ளுங்கள்.

வக்கீல் விஷயத்தில் ஒரு எச்சரிக்கை. ஆஸ்பத்திரி வார்டுக்கே வந்து வெற்று வக்காலத்தில் கையெழுத்து வாங்கும் ஆட்களைத் தவிருங்கள். கிடைக்கும் தொகையில் இத்தனை சதவீதம் என்று பேசுவதை பார் கவுன்சில் விதிகளே தடுக்கின்றன. பெண்கள், குழந்தைகள், பட்டியல் சாதி, பழங்குடியினர், வருமான வரம்புக்கு உட்பட்டவர்கள் மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் இலவசமாக வக்கீல் கேட்கலாம். 15100 என்ற எண்ணில் அழைக்கலாம்.

நடுவில் லோக் அதாலத்துக்கு அழைப்பு வரும். சீக்கிரம் முடியும், பணமும் சீக்கிரம் வரும். ஆனால் அங்கே ஒப்புக்கொண்டால் மேல்முறையீடு கிடையாது. ஊனச் சான்று கைக்கு வராமல் அந்த மேசையில் உட்காராதீர்கள். சான்று இருந்தால், மேலே போட்ட கணக்கை ஒரு தாளில் எழுதிக்கொண்டு போங்கள். கம்பெனி சொல்லும் தொகை அதில் எந்த இடத்தில் குறைகிறது என்று கேளுங்கள்.

தீர்ப்பு வந்து 30 நாளுக்குள் கம்பெனி பணம் கட்ட வேண்டும். மனு போட்ட நாளிலிருந்து வட்டி சேரும். தொகை குறைவு என்றால் 90 நாளுக்குள் உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் மேல்முறையீடு செய்யலாம். தகராறில் உள்ள தொகை ரூ.1 லட்சத்துக்குக் குறைவு என்றால் முடியாது. கம்பெனி மேல்முறையீடு செய்தாலும், நீதிமன்றத்தில் கட்டிய தொகையில் ஒரு பகுதியை எடுக்க அனுமதி கேட்டு மனு போடலாம். பணம் நேராக மனுதாரரின் வங்கிக் கணக்குக்கே போகும். பாஸ்புக், காசோலைப் புத்தகம், ஏ.டி.எம். அட்டை எதையும் வேறு யார் கையிலும் கொடுத்து வைக்காதீர்கள். சிறுவர்களின் பங்கு 18 வயது வரை வைப்புத்தொகையாக இருக்கும். படிப்புக்கோ சிகிச்சைக்கோ அவசரமாகத் தேவைப்பட்டால் ரசீதுகளோடு அதே தீர்ப்பாயத்தில் மனு கொடுத்து எடுக்கலாம்.